தாலி கட்டியது கோயிலில், பதிவு எதுவும் இல்லை: ஆர்.ஏ.எஃப் (சாலை விபத்து நிதி) பணம் கிடைக்குமா?

கேள்வி:

ஐயா, நாங்கள் தென்னாப்பிரிக்காவில், டர்பன் சாட்ஸ்வொர்த்தில் இருக்கிறோம். என் வீட்டுக்காரர் காய்கறிக் கடை வைத்திருந்தார். ஏழு மாதத்துக்கு முன்னால் விடியற்காலை சரக்கு எடுக்க பக்கியில் (சின்ன சரக்கு வண்டியில்) கிளேர்வுட் மார்க்கெட்டுக்குப் போனவர், மொபெனி பக்கம் ரோபோட்டில் (சிக்னலில்) ட்ரக் மோதி அங்கேயே இறந்துவிட்டார். எதிரே வந்த ட்ரக் வலது பக்கம் திரும்பியிருக்கிறது. இவர்தான் சிவப்பில் வந்தார் என்று ட்ரக் டிரைவர் சொன்னதாகப் போலீஸில் சொல்கிறார்கள். எங்கள் கல்யாணம் கோயிலில் நடந்தது, ஹோம் அஃபேர்ஸில் (அரசாங்கப் பதிவு அலுவலகத்தில்) பதியவில்லை. ஒன்பது வயதில் மகளும் ஆறு வயதில் மகனும் இருக்கிறார்கள். நான் ஒரு கிரீச்சில் அரை நாள் வேலை பார்க்கிறேன். சாவுச் செலவு முழுக்க என் கொழுந்தனார் செய்தார். பதினாறாம் நாள் காரியத்துக்கு வந்த ஒருவர், ஆர்.ஏ.எஃப் பணம் வாங்கித் தருகிறேன், முப்பது சதவீதம் கொடுத்தால் போதும் என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்கிப் போனார். நகல் தரவில்லை. இப்போது போன் எடுப்பதில்லை. மாமியாரும் எங்களோடுதான் இருக்கிறார். மகன் போன பணத்தில் தனக்கும் பங்கு உண்டு என்கிறார். இன்ஷூரன்ஸ் பணம் கொஞ்சம் வந்தது, அதைச் சொன்னால் ஆர்.ஏ.எஃப் கழித்துக்கொள்ளும் என்று பயமுறுத்துகிறார்கள். எனக்கு ஏதாவது கிடைக்குமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

நீங்கள் முதலில் கேட்டிருப்பது பதிவாகாத கல்யாணத்தைப் பற்றி. நடுவே, போகிற போக்கில் எழுதியிருப்பது அந்தக் கையெழுத்தைப் பற்றி. நான் கையெழுத்திலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் உங்கள் க்ளைமைக் கெடுக்கக்கூடியது அதுதான். கல்யாணப் பிரச்சினைக்கு வழி இருக்கிறது.

காரியத்துக்கு வந்தவர் வக்கீலா, வெறும் தரகரா? 1996ஆம் ஆண்டின் சாலை விபத்து நிதிச் சட்டத்தில் 19ஆம் பிரிவு என்று ஒன்று உண்டு. எந்தெந்த நிலையில் நிதி பணம் கொடுக்க வேண்டியதில்லை என்று சொல்லும் பிரிவு அது. க்ளைமை நீங்களே நடத்தலாம், அல்லது வக்கீல் நடத்தலாம். வக்கீல் அல்லாத ஒருவரோடு, கிடைக்கும் பணத்தில் இத்தனை பங்கு உனக்கு என்று ஒப்பந்தம் போட்டிருந்தால், அதையே காரணம் காட்டி நிதி கையை விரிக்கலாம். ஆஸ்பத்திரி வாசலிலும் பிணவறையிலும் சாவு வீட்டிலும் சுற்றுகிறவர்கள் இதைச் சொல்லமாட்டார்கள். அவர்களுக்கு வேண்டியது உங்கள் கையெழுத்தும் ஐடி நகலும். அதை ஏதாவது ஒரு ஆபீஸுக்கு விற்றுவிட்டுப் போய்விடுவார்கள், பிறகு போன் எடுக்கமாட்டார்கள்.

அந்தத் தாளில் ஒரு வக்கீல் ஆபீஸின் பெயர் இருந்ததா என்று நினைவுபடுத்திப் பாருங்கள். இருந்திருந்தால் நிலைமை வேறு. "ஜெயித்தால் மட்டும் கட்டணம்" என்கிற ஏற்பாடு இங்கே சட்டப்படி அனுமதிக்கப்பட்டதுதான். 1997ஆம் ஆண்டுச் சட்டம் அதற்கு வரம்பு கட்டியிருக்கிறது: வக்கீல் தன் வழக்கமான கட்டணத்தைப் போல இரண்டு மடங்கு வரை வாங்கலாம், ஆனால் கிடைத்த தொகையில் 25 சதவீதத்தைத் தாண்டக் கூடாது, இரண்டில் எது குறைவோ அதுதான். முப்பது சதவீதம் என்பது எந்த வக்கீலுக்கும் கிடையாது. ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், நகல் உங்களுக்குத் தர வேண்டும், கையெழுத்திட்ட நாளிலிருந்து 14 நாளுக்குள் எழுதிக் கொடுத்து விலகிக்கொள்ளும் உரிமை உங்களுக்கு உண்டு என்று அதிலேயே இருக்க வேண்டும். அந்த 14 நாள் உங்களுக்குப் போய்விட்டது. பரவாயில்லை. அதற்குப் பிறகும் வக்கீலை மாற்றலாம், செய்த வேலைக்கு மட்டும் நியாயமான கட்டணம் கொடுக்க வேண்டியிருக்கும். ஏழு மாதத்தில் என்ன வேலை செய்திருக்கிறார் என்று கேளுங்கள்.

ஆகவே முதல் வேலையாக அந்த ஆளுக்கு ஒரு வாட்ஸ்அப் செய்தி அனுப்புங்கள்: நான் கையெழுத்துப் போட்ட தாளின் நகல் வேண்டும், எந்த வக்கீலுக்குக் கொடுத்தீர்கள் என்று பெயர் வேண்டும், உங்களுக்குக் கொடுத்த எந்த அதிகாரத்தையும் இன்றோடு ரத்து செய்கிறேன். பதில் வந்தாலும் வராவிட்டாலும் அந்தச் செய்தி உங்கள் போனில் இருக்கும், அழிக்காதீர்கள். பிறகு டர்பனில் உள்ள ஆர்.ஏ.எஃப் அலுவலகத்துக்கு நேரில் போய், உங்கள் வீட்டுக்காரரின் ஐடி எண்ணைச் சொல்லி, இவர் சாவு தொடர்பாக யாராவது ஏற்கெனவே க்ளைம் தாக்கல் செய்திருக்கிறார்களா என்று விசாரியுங்கள். வக்கீல் சம்பந்தப்பட்டிருந்து தவறு நடந்திருந்தால், வக்கீல்களைக் கண்காணிக்கும் லீகல் பிராக்டிஸ் கவுன்சிலில் புகார் கொடுக்கலாம்.

கூச்சப்படாமல் கேளுங்கள், இது தர்மப் பணம் இல்லை. இந்த நாட்டில் விற்கும் ஒவ்வொரு லிட்டர் பெட்ரோலிலும் டீசலிலும் இந்த நிதிக்கென்று ஒரு வரி இருக்கிறது. 2021இலிருந்து பல ஆண்டுகள் அது லிட்டருக்கு 2 ராண்ட் 18 சென்ட். உங்கள் வீட்டுக்காரர் தினமும் அந்த பக்கிக்கு எண்ணெய் போட்டபோதெல்லாம் கட்டியிருக்கிறார். அதற்கு ஈடாக ஒன்றை விட்டுக்கொடுத்தும் இருக்கிறோம்: 2008 ஆகஸ்ட் முதல், இந்த வகை இழப்புக்காக ட்ரக் டிரைவர் மேலோ முதலாளி மேலோ நேரடியாக வழக்குப் போட முடியாது. எவ்வளவு பெரிய கம்பெனியாக இருந்தாலும் சரி. நிதி ஒன்றுதான் வழி.

இனி கல்யாணம். 1990களில் இங்கே நடந்த ஒரு வழக்கைச் சொல்கிறேன். இஸ்லாமிய முறைப்படி கல்யாணம் ஆகி, அரசாங்கத்தில் பதியாத ஒரு பெண்ணின் கணவர் 1993இல் சாலை விபத்தில் இறந்தார். இப்போதைய நிதிக்கு முன்பிருந்த நிதியிடம் அந்தப் பெண் க்ளைம் போட்டார். டர்பன் உயர் நீதிமன்றம் முடியாது என்றது. 1999இல் ப்ளூம்ஃபான்டைனில் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம், தலைமை நீதிபதி இஸ்மாயில் மஹோமெட் எழுதிய தீர்ப்பில், அவருக்கு உரிமை உண்டு என்று சொல்லிவிட்டது. மதச் சடங்கோடு நடந்த ஒருதாரத் திருமணத்தில் கணவன் மனைவியைக் காப்பாற்றக் கடமைப்பட்டவன், அந்தக் கடமைக்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு என்பதுதான் சாரம். 2008இல் டர்பன் உயர் நீதிமன்றமே, பதியாத இந்துத் திருமணத்தில் இருந்த மனைவியும் உயிலில்லாமல் இறந்த கணவனின் சொத்துக்கு வாரிசுதான் என்று தீர்ப்புச் சொன்னது. 2012இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் இன்னும் ஒரு படி போய், தாலியே கட்டாமல் குடும்பமாக வாழ்ந்த துணைக்கும் கூட, காப்பாற்றும் கடமையை இருவரும் ஏற்றிருந்தால், ஆர்.ஏ.எஃப்பிடம் கேட்கும் உரிமை உண்டு என்றது. உங்கள் நிலை இந்தக் கடைசி வழக்கை விடப் பலமானது.

இந்த மண்ணில் நம் கல்யாணங்கள் செல்லுமா என்கிற சண்டை பழையது. 1913இல் கேப் நீதிமன்றத்தில் நீதிபதி சர்ல், கிறிஸ்தவ முறையில் நடக்காத கல்யாணங்களுக்குச் சட்ட மதிப்பு இல்லை என்கிற மாதிரி ஒரு தீர்ப்பு எழுதினார். அதற்குப் பிறகுதான் நம் பெண்கள் கூட்டமாகச் சிறைக்குப் போனார்கள். தில்லையாடி வள்ளியம்மை மாரிட்ஸ்பர்க் சிறையிலிருந்து நோயோடு வெளியே வந்து, 1914 பிப்ரவரியில் பதினாறு வயதில் இறந்துபோனார். "பதியாத கல்யாணம், உங்களுக்கு ஒன்றும் வராது" என்று கவுண்டரில் யாராவது சொன்னால் தலையாட்டிவிட்டு வந்துவிடாதீர்கள்.

ஆனால் உரிமை இருப்பதும் அதை நிரூபிப்பதும் வேறு வேறு. கல்யாணம் செய்துவைத்த ஐயர் அல்லது பூசாரி இருந்தால் அவரிடம் அஃபிடவிட் வாங்குங்கள். கல்யாணப் பத்திரிகை, போட்டோ, கோயில் ரசீது, இரண்டு பக்கத்துப் பெரியவர்கள் இருவரின் அஃபிடவிட், இருவர் பெயரும் ஒரே விலாசத்தில் இருக்கும் தண்ணீர், கரண்ட் பில், பள்ளிக்கூடப் பாரம், மருத்துவ அட்டை, அவர் உங்கள் கணக்குக்குப் பணம் போட்ட பேங்க் ஸ்டேட்மென்ட். ஃபியூனரல் பாலிசியில் உங்களை மனைவி என்று எழுதியிருந்தால் அது பெரிய ஆதாரம். பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழில் அப்பா பெயர் இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். பதியாத கல்யாணத்தில் பிறந்த பிள்ளைகளுக்குச் சில சமயம் அம்மா பெயரோடு நிறுத்திவிடுகிறார்கள். அப்படி இருந்தால் அதைச் சரிசெய்ய காலம் பிடிக்கும், இப்போதே ஆரம்பிக்க வேண்டும். பிள்ளைகளின் உரிமைக்கும் உங்கள் கல்யாணத்துக்கும் சம்பந்தமே இல்லை. உங்கள் கல்யாணத்தை யாராவது எதிர்த்து வாதாடினாலும், அவர் பிள்ளைகள் அவர் பிள்ளைகள்தான்.

எனக்கு உண்மையில் கவலை தருவது அந்த ரோபோட்.

ஆர்.ஏ.எஃப் யார் இறந்தாலும் பணம் கொடுக்கும் நிதி இல்லை. வேறொரு வண்டியின் டிரைவரிடமோ சொந்தக்காரரிடமோ தவறு இருந்தால்தான் கொடுக்கும். உங்கள் வீட்டுக்காரர் ஒருவர் தவறால் மட்டுமே விபத்து நடந்தது என்றால், உங்களுக்கும் பிள்ளைகளுக்கும் வாழ்வாதார இழப்பு என்று எதுவும் கிடைக்காது. இதை ஒளித்து எழுத எனக்கு விருப்பமில்லை.

இதற்கு மறுபக்கமும் உண்டு. காயம்பட்டு உயிரோடு இருப்பவர் க்ளைம் போட்டால், அவர் தவறு எத்தனை சதவீதமோ அத்தனை குறைப்பார்கள். இறந்தவரை நம்பியிருந்த குடும்பம் போடும் க்ளைமில் அப்படிக் குறைப்பது இல்லை. ட்ரக் டிரைவர் பக்கம் நூற்றில் ஒரு பங்கு தவறு இருந்ததாக நிரூபித்தால் போதும், குடும்பத்துக்கு முழு இழப்பும் சேரும். நம் வட்டாரத்தில் வக்கீல்கள் இதை "ஒன் பர்சென்ட்" என்றே சொல்வார்கள். ஆகவே "அவர் சிவப்பில் வந்தாரா" என்பது பாதிக் கேள்விதான். மற்றப் பாதி, ட்ரக் டிரைவர் என்ன செய்திருக்க வேண்டும், செய்தாரா என்பது. எதிரே வரும் வண்டிகளின் பாதையைக் குறுக்கே வெட்டி வலது பக்கம் திரும்புகிறவர், வழி காலியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் திரும்ப வேண்டும். நீளமான ட்ரக் குறுக்கே கடக்கப் பல வினாடிகள் ஆகும், அதுவும் இருட்டில். பக்கியின் விளக்கு அவருக்கு எவ்வளவு தூரத்தில் தெரிந்தது? இண்டிகேட்டர் போட்டாரா? டிரெய்லரின் பக்கவாட்டில் பளபளக்கும் பட்டைகள் இருந்தனவா, அழுக்கு மூடியிருந்ததா? அந்த ரோபோட் அன்று ஒழுங்காக வேலை செய்ததா, லோட்ஷெடிங்கில் (மின்வெட்டில்) அணைந்திருந்ததா? போலீஸ் எழுதிய கதையில் இவை எதுவும் இருக்காது, ஏனென்றால் அங்கே பேசக்கூடிய நிலையில் இருந்தவர் ஒருவர்தான். அவர் சொன்னது அவருடைய வாக்குமூலம், தீர்ப்பு இல்லை.

டிரைவர் மேல் வழக்குப் போடவில்லை என்று அரசு வக்கீல் முடிவு செய்தாலும் உங்கள் க்ளைம் முடிந்துவிடாது. குற்ற வழக்கில் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும். இதில் எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்பதே அளவு.

எனவே ஆதாரம். போலீஸ் ஸ்டேஷனில் கேஸ் எண்ணை வாங்குங்கள். சாவு நடந்திருப்பதால் அவர்கள் ஒரு டாக்கெட் (விசாரணைக் கோப்பு) திறந்திருக்க வேண்டும், பிரேதப் பரிசோதனையும் நடந்திருக்கும். விபத்து அறிக்கைப் படிவம், அதிலுள்ள படம், போட்டோக்கள், வாக்குமூலங்கள், பிரேதப் பரிசோதனை அறிக்கை, இவற்றின் நகல் வேண்டும். டாக்கெட் இன்னும் விசாரணையில் இருந்தால் தரத் தயங்குவார்கள். வக்கீல் எழுதிக் கேட்டால் வரும். சுற்றியிருக்கும் கிடங்குகளிலும் பெட்ரோல் பங்க்கிலும் கேமரா இருக்கும், ஆனால் ஏழு மாதப் பழைய பதிவு இன்னும் அழியாமல் இருந்தால் அது அதிர்ஷ்டம். ட்ரக்கில் டிராக்கர் இருந்திருந்தால் வேகம், நின்ற நேரம், திரும்பிய நேரம் எல்லாம் எங்கோ ஒரு கம்ப்யூட்டரில் இருக்கும். அதை அழிக்காமல் வைக்கும்படி ட்ரக் சொந்தக்காரருக்கு வக்கீல் கடிதம் உடனே போக வேண்டும். ஒரு மாதம் தள்ளிப்போனாலும் போனதுதான். அதே நேரத்துக்கு அதே வழியில் தினமும் மார்க்கெட்டுக்குப் போகிற மற்றக் கடைக்காரர்கள் இருப்பார்கள். உங்கள் கொழுந்தனார் ஒரு விடியற்காலை மார்க்கெட் வாசலில் நின்று கேட்டால், யார் பார்த்தார்கள், யார் முதலில் இறங்கி ஓடினார்கள் என்று தெரிந்துவிடும். இந்த வேலையை வக்கீலை விட அவர் நன்றாகச் செய்வார்.

காலக்கெடுவைச் சொல்லிவிடுகிறேன். ட்ரக்கும் டிரைவரும் யார் என்று தெரிந்திருப்பதால், விபத்து நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் நீங்கள் க்ளைமைத் தாக்கல் செய்ய வேண்டும். தாக்கல் செய்த பிறகு தீரவில்லை என்றால், விபத்து நாளிலிருந்து ஐந்து வருடத்துக்குள் நீதிமன்றத்தில் சம்மன் போட வேண்டும். மைனர் பிள்ளைகளுக்கு அந்தக் காலம் ஓடாது, ஆனால் அதை நம்பி யாரும் காத்திருக்கக் கூடாது. இதைப் படிக்கிற வேறு யாருக்காவது மோதிவிட்டு ஓடிய வண்டியால் சாவு நேர்ந்திருந்தால், அங்கே தாக்கல் செய்ய இரண்டே வருடம், பிள்ளைகளுக்கும் அதே இரண்டு வருடம்தான் என்று வைத்துக்கொண்டு ஓடுங்கள். தாக்கல் செய்யும்போது படிவத்தோடு, விபத்து எப்படி நடந்தது என்று உங்களுக்குத் தெரிந்ததை விவரிக்கும் அஃபிடவிட்டும் போக வேண்டும். நீங்கள் நேரில் பார்க்கவில்லை என்றால், யார் சொல்லி எப்படித் தெரிந்தது என்று எழுதுங்கள், பார்த்ததாக எழுதாதீர்கள். தாக்கல் செய்த பிறகு 60 நாளுக்குள் நிதி ஆட்சேபம் சொல்லாவிட்டால் படிவம் ஒழுங்காக இருப்பதாகக் கொள்ளப்படும். 120 நாள் கழியும் முன் வழக்குப் போட முடியாது. அதற்குப் பிறகும் பணம் கைக்கு வர வருடங்கள் ஆகலாம். அதுவரை பள்ளிக்கூடக் கட்டணத்துக்கு இந்தப் பணத்தை நம்பிக் கடன் வாங்காதீர்கள்.

இனி எவ்வளவு என்கிற கணக்கு. துக்கத்துக்கு இங்கே விலை கிடையாது. கணவனை இழந்த வேதனைக்காக ஒரு தொகை என்று சட்டத்தில் எதுவும் இல்லை. சாவுச் செய்தி கேட்டு மனநோய் வந்தால்கூட அது நிதியின் பொறுப்பிலிருந்து விலக்கப்பட்டிருக்கிறது. நிதி கொடுப்பது, அவர் உயிரோடு இருந்தால் உங்கள் வீட்டுக்கு எவ்வளவு வந்துகொண்டிருக்கும் என்பதை மட்டும்.

அதை இப்படிப் போடுவார்கள். கணவன், மனைவி ஆளுக்கு இரண்டு பங்கு, பிள்ளைகள் ஆளுக்கு ஒரு பங்கு. உங்கள் வீட்டில் மொத்தம் ஆறு பங்கு. உதாரணத்துக்கு அவர் கையில் நின்றது மாதம் 18,000 ராண்ட், நீங்கள் 6,000 சம்பாதிக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 24,000, ஒரு பங்கு 4,000. அவருடைய இரண்டு பங்கு அவரோடு போயிற்று. உங்கள் பங்கு 8,000, அதில் நீங்களே சம்பாதிக்கும் 6,000 போக 2,000 உங்கள் இழப்பு. பிள்ளைகளுக்குத் தலைக்கு 4,000. ஆக மாதம் 10,000. உங்கள் இழப்பை அவர் வேலை செய்திருக்கக்கூடிய வயது வரை, பிள்ளைகளின் இழப்பை அவர்கள் சொந்தக் காலில் நிற்கும் வயது வரை நீட்டி, இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து ஒரு ஆக்சுவரி (இழப்பைக் கணக்கிடும் நிபுணர்) தொகை போடுவார். நோய், வேலையின்மை போன்ற எதிர்பாராதவற்றுக்காகக் கொஞ்சம் கழிப்பார்கள். நீங்கள் மறுமணம் செய்யும் வாய்ப்பு என்று கூட ஒரு கழிவு உண்டு. அந்த வரியைப் படிக்கும்போது உங்களுக்குக் கோபம் வரும். வரட்டும், ஆனால் அந்தச் சதவீதத்தை வக்கீல் எதிர்த்துப் பேச வேண்டும் என்பதை மறக்காதீர்கள். வருட இழப்புக்கு ஓர் உச்சவரம்பும் இருக்கிறது. 2008இல் 1,60,000 ராண்டில் ஆரம்பித்து விலைவாசியோடு ஏறிக்கொண்டிருப்பது, ஒரு காய்கறிக் கடைக்கு அது தடையாக இராது.

தடையாக இருக்கப்போவது 18,000 என்பதை எப்படிக் காட்டுவது என்பதுதான். பேஸ்லிப் இல்லாத மனிதர். காசுக்கு வாங்கி காசுக்கு விற்றவர். ஆனால் மார்க்கெட்டில் சரக்கு எடுத்த ரசீதுகள் இருக்கும், வாங்குவோர் அட்டை வைத்திருந்தால் எந்த நாளில் எவ்வளவுக்கு எடுத்தார் என்கிற கணக்கே கிடைக்கும். ஒரு வருடத்துச் சரக்கு இவ்வளவு என்று காட்டிவிட்டால், அதில் எவ்வளவு லாபம் நின்றிருக்கும் என்று கணக்கர் சொல்லலாம். கடை வாடகை, பக்கியின் தவணை, பள்ளிக் கட்டணம், வீட்டுச் செலவு எல்லாம் ஒவ்வொரு மாதமும் யார் கட்டினார் என்பதும் ஆதாரம். அவர் கையெழுத்தில் கடன் நோட்டு ஏதும் இருந்தால் ஒரு தாளும் கிழிக்காமல் வையுங்கள். வருமான வரி கட்டினாரா என்று கேட்பார்கள். 2024 முதல் 2026 வரையான வரியாண்டுகளில் 65 வயதுக்குட்பட்டவருக்கு வருடம் 95,750 ராண்ட் வரை வரி இல்லை. மாதம் 18,000 என்றால் அதைத் தாண்டிவிடுகிறது. அவர் சார்ஸில் (வருமான வரித் துறையில்) கணக்குக் காட்டவில்லை என்றால், க்ளைமில் ஒரு தொகை, வரியில் வேறு தொகை என்று நிற்காமல், ஒரு கணக்கரை வைத்து அதை முதலில் சரிசெய்யுங்கள். கூட்டிச் சொல்லலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். குறுக்கு விசாரணையில் நிற்கப்போவது நீங்கள்.

இன்ஷூரன்ஸ் பயம் வேண்டாம். 1969ஆம் ஆண்டிலிருந்தே சட்டம் தெளிவாக இருக்கிறது: சாவினால் வந்த இன்ஷூரன்ஸ் பணத்தையும் பென்ஷனையும் இந்தக் கணக்கில் கழிக்கக் கூடாது. பிள்ளைகளுக்கு சாசா (அரசின் சமூக உதவித்தொகை அமைப்பு) மூலம் வரும் உதவித்தொகையையும் கழிக்கக் கூடாது என்று 2015இல் அரசியல் சாசன நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கேட்டால் உள்ளதைச் சொல்லுங்கள்.

சாவுச் செலவை, யார் கட்டினாரோ அவர் கேட்க வேண்டும். உங்கள் கொழுந்தனார் தன் பெயரில் க்ளைம் போடலாம், அவர் இறந்தவரை நம்பியிருந்தவர் என்று காட்ட வேண்டிய அவசியமில்லை. ஆனால் எரிக்கவோ புதைக்கவோ உண்மையில் தேவைப்பட்ட செலவுக்கு மட்டும்தான் பணம்: பெட்டி, சவ வண்டி, கிளேர் எஸ்டேட்டில் எரியூட்டக் கட்டிய கட்டணம் போன்றவை. பந்தல், சாப்பாடு, பதினாறாம் நாள் காரியம் எல்லாம் நம் கைச்செலவு. ரசீது இல்லாததைக் கேட்டுப் பயனில்லை.

வீட்டுக்காரர் வேறு யாரிடமாவது சம்பளத்துக்கு வேலை பார்த்து, வேலை நேரத்தில் இறந்திருந்தால் தொழிலாளர் நஷ்டஈட்டுச் சட்டத்திலும் அதற்கான காலக்கெடுவுக்குள் கேட்க வேண்டியிருக்கும். சொந்தக் கடை என்பதால் உங்களுக்கு அது பொருந்தாது. பக்கிக்கு ஆன சேதத்தை ஆர்.ஏ.எஃப் கொடுக்காது. அதை ட்ரக் சொந்தக்காரரிடம் தனியாகக் கேட்க வேண்டும், மூன்று வருடத்துக்குள். ஆனால் அங்கே "ஒன் பர்சென்ட்" உதவாது, உங்கள் வீட்டுக்காரர் பக்கத் தவறுக்கு ஏற்பக் குறைப்பார்கள்.

மாமியார் விஷயத்தில் நீங்கள் எதிர்பார்க்கும் பதிலை என்னால் தர முடியவில்லை. அவருக்கும் உரிமை இருக்கலாம். தாய், மகனைப் பெற்றவர் என்பதால் மட்டும் கிடைத்துவிடாது. தன்னால் பிழைக்க வழியில்லை, மகன்தான் காப்பாற்றி வந்தான் என்று காட்ட வேண்டும். அவருக்கு வரும் முதியோர் பென்ஷன், மற்றப் பிள்ளைகள் தருவது எல்லாவற்றையும் பார்ப்பார்கள். காட்டிவிட்டால் அவரும் ஒரு பங்குதாரர். மேலே போட்ட ஆறு பங்கு ஏழோ எட்டோ ஆகும், ஒவ்வொருவர் பங்கும் சற்றுச் சிறுக்கும். இது உங்களுக்குக் கசப்பாக இருக்கலாம். ஆனால் உங்கள் கல்யாணத்துக்கு மிகப் பெரிய சாட்சியும் அவர்தான். மருமகளாக ஏற்று ஒரே வீட்டில் இருந்த மாமியார் அஃபிடவிட் கொடுத்தால், பதிவுத் தாள் இல்லை என்கிற கேள்வி பாதி அடங்கிவிடும். அவர் எதிர்த்தரப்பில் போய் நின்றால் என்ன ஆகும் என்று யோசியுங்கள். அவர் க்ளைம் போடுவதானால், உங்கள் க்ளைம் தாக்கலாகும் அதே சமயத்தில் அவருடையதும் போகட்டும், பின்னால் வந்து உங்கள் கணக்கைக் கலைக்காமல் இருக்கும். ஆனால் உங்கள் பங்கும் அவர் பங்கும் ஒன்றையொன்று குறைக்கக்கூடியவை என்பதால், இருவருக்கும் ஒரே வக்கீல் இருக்கலாமா என்பதை முதல் சந்திப்பிலேயே அந்த வக்கீலிடம் நேராகக் கேளுங்கள். பதில் சொல்லத் தயங்கினால் மாமியாரை வேறு ஒரு வக்கீலைப் பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள். பிள்ளைகளின் தொகை ட்ரஸ்டிலோ, மைனர்களின் பணத்தைக் காக்கும் உயர் நீதிமன்ற மாஸ்டரின் கார்டியன்ஸ் ஃபண்டிலோ வைக்கப்படலாம். அதுவும் உங்கள் கையில் வரும் பணம் இல்லை என்பதை மாமியாரிடம் இப்போதே சொல்லி வையுங்கள்.